இத்தா முடியட்டும் என்று விட்ட பதிவு

ஹமீதா பயந்த சுபாவக்காரி அல்ல. அவள் ஊரான உப்புக்குளத்தில் யாரைக் கேட்டாலும் சொல்வார்கள், அவளோடு கருவாட்டு விலை பேசப் போனவன் வாயடைத்துத்தான் திரும்புவான் என்று. அப்படிப்பட்டவளே, தாழ்வுபாட்டுக் கடற்கரையில் மீன் காயவைக்கும் தன் கருவாட்டு வாடியின் வாசல் படலையில் தொங்கிய புதுப் பூட்டைக் கண்டதும் பயந்துபோனாள். உள்ளே பாதி காய்ந்த மீன் கிடந்தது. வேலைக்கு வந்த பெண்கள் அவள் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றார்கள்.

பூட்டியவர் அந்த நிலத்தைக் குத்தகைக்கு விட்ட காணிக்காரர். குத்தகைக் காலத்தில் பாதி இன்னும் மிச்சம். ஆனால் அந்தக் கரையில் விடுதி கட்ட யாரோ வந்துவிட்டார்களாம். "கோட்டுக்குப் போறதெண்டால் போங்கோ," என்று சொல்லிப் போனை வைத்துவிட்டார். இந்த மனிதருக்கு இவ்வளவு துணிவு எங்கிருந்து வந்தது?

ஹமீதாவும் அவளுடைய தொழில் பங்காளி எமிலியானுஸும் சட்டத்தரணி யதுர்சிகாவிடம் ஓடினார்கள். குத்தகைப் பத்திரத்தைப் பார்த்த யதுர்சிகா கேட்ட முதல் கேள்வியிலேயே விஷயம் வெளிச்சமாகிவிட்டது.

"'கடலோரம் கருவாட்டு வாடி' எண்டு பேர் போட்டிருக்கு. இந்தப் பேரை அரசாங்கப் பதிவுக் கந்தோரில பதிஞ்சனீங்களோ?"

இருவரும் இல்லை என்று தலையாட்டினார்கள்.

"பதியாத பேரில செய்த ஒப்பந்தத்தைக் கொண்டு நீங்கள் வழக்குப் போட ஏலாது. ஆனால் காணிக்காரர் உங்களுக்கு மேல போடலாம்."

"அப்ப எங்கட கை மட்டுமோ கட்டிக் கிடக்கு, பிள்ளை?"

"ஓம் அம்மா. அவருக்கு அது தெரியும். இப்பவாவது ரெண்டு பேரும் போய்ப் பதியுங்கோ. வேணுமெண்டு விடேல்லை எண்டு காட்டினால் நீதிபதி மன்னிச்சு வழக்கை எடுக்கலாம். எடுக்காமலும் விடலாம்."

ஏன் பதியவில்லை என்பது ஊருக்கே தெரிந்த கதைதான். எமிலியானுஸோடு சேர்ந்து வாடியைத் தொடங்கத் திட்டம் போட்டவர் ஹமீதாவின் கணவர் சனூன். தொடங்குமுன்னே அவர் மௌத்தாகிவிட, அந்தப் பங்குக்கு ஹமீதா வந்தாள். வந்தவள் இத்தாவில், கணவனை இழந்தவள் நாலு மாதத்துக்கு மேல் வீட்டோடு இருக்கும் தனிமையில், இருந்தாள். வெளியே போக முடியாது, அந்நிய ஆணின் முன்னே வர முடியாது. குத்தகை காத்திருக்காதே, எமிலியானுஸ் வாடியின் பெயரில் தனியே கையெழுத்து வைத்தார். பதிவுக்கு மட்டும் தனியே போக மறுத்து, "இத்தா முடியட்டும், ரெண்டு பேருமாப் போவம்," என்று ஆள் விட்டுச் சொன்னார். பள்ளிவாசலில் துஆ ஓதினார்கள், எமிலியானுஸின் மாதா கோயில் சுவாமி வந்து தீர்த்தம் தெளித்தார். இரண்டு மதத்து வானத்திலும் வாடியைப் பதிந்தாயிற்று. இத்தா முடிந்தது. கந்தோரை மட்டும் ஒருவரும் எடுத்துப் பேசவில்லை!

அன்று மாலை வாடிப் பெண் ஒருத்தி ஹமீதாவிடம் வந்து மெல்லச் சொன்னாள்: "எமிலியானுஸ் அண்ணையின்ர மோட்டார் சைக்கிள் காணிக்காரர் வீட்டு வாசலில நிண்டது."

அன்றிரவு ஹமீதா குத்தகைப் பத்திரத்தை மறுபடி எடுத்துப் பார்த்தாள். அதில் இருப்பது எமிலியானுஸின் கையெழுத்து மட்டும். 'இவ இங்க வேலைக்கு வாறவ' என்று அவர் ஒரு சொல் சொன்னால் போதும், அவள் தன் வாடியிலேயே கூலிக்காரி. தொழுகையில் நின்றாலும் மனம் அந்த வாசலில்தான் போய் நின்றது. கேட்டுவிடலாம். கேட்கத்தான் வாய் வரவில்லை.

ஆனால் எமிலியானுஸ் கந்தோருக்கு வந்தார். முகம் வெளிறியிருந்தது. இருவரும் பங்காளிகள் என்று கையெழுத்து வைத்தார். பெயர் பதிவாயிற்று, கோட்டில் அவர் என்ன சொல்வாரோ என்ற பயம் மட்டும் அவளுக்குத் தீரவில்லை.

கோட்டில் காணிக்காரரின் சட்டத்தரணி அவள் பயந்ததையே சொன்னார்: "இந்த அம்மா அங்கே வேலை செய்பவர். பங்காளி என்பது இப்போது கட்டிய கதை."

நீதிபதி எமிலியானுஸைப் பார்த்தார்.

"ஐயா, அவ இத்தாவில இருக்கேக்க நான் தனியப் பதிஞ்சால் வாடி என்ர எண்டு ஊர் சொல்லும். அதுக்குத்தான் போகேல்லை."

"அது முடிந்த பிறகு?"

"கேட்க வெட்கம் ஐயா. பதிவுக்கு வாங்கோ எண்டால், என்னை நம்பேல்லையோ எண்டு நினைப்பா எண்டு விட்டுட்டன்."

நீதிபதி வழக்கை எடுத்துக்கொண்டார். தீர்ப்பு வரும்வரை பூட்டைத் திறக்கக் கட்டளையிட்டார்.

வெளியே வந்ததும் ஹமீதாவுக்கு அழுகை வந்துவிட்டது. "அண்ணை, நானும் அதுக்குத்தான் கேட்காமல் இருந்தனான்." பிறகு, இனியும் கேட்காமல் விட்டால் உருப்படமாட்டோம் என்று நெஞ்சைக் கல்லாக்கிக்கொண்டு கேட்டாள்: "காணிக்காரர் வீட்டில என்ன கதைச்சனீங்கள்?"

எமிலியானுஸ் தலையைக் குனிந்துகொண்டார். "வாடியை என்ர பேரில மட்டும் பதிஞ்சு, வழக்கும் போடாமல் விட்டால் எனக்கு வேற இடம் தாறன் எண்டவர்."

"நீங்கள் என்ன சொன்னனீங்கள்?"

"யோசிச்சுச் சொல்லுறன் எண்டனான். உண்மையா யோசிச்சனான், தங்கச்சி. கந்தோர் வாசல் வரைக்கும் யோசிச்சனான்."

பூட்டைக் கண்டபோதுகூட ஹமீதா இப்படிப் பயப்படவில்லை. ஆனாலும் அவர் மோட்டார் சைக்கிளை எடுத்ததும், "நில்லுங்கோ, நானும் வாடிக்குத்தான் வாறன்," என்றாள்.