அக்சீனியா வீட்டுச் சாப்பாடு

சாப்பிட்டுக்கொண்டே இதைப் படிக்க வேண்டாம். தட்டை ஓரமாக வைத்துவிட்டு வாருங்கள்.

இது நடந்த விஷயம். நடந்தது வியோரிகாவுக்கு. மால்டோவாவின் வடக்கே சொரோகாவில், எங்கள் குடியிருப்பில் எனக்கு மேல்மாடியில் இருந்தவள். பொய்யே சொல்லாதவள் என்று சொல்லமாட்டேன். சுற்றுலா வழிகாட்டி வேலை பார்த்தவள், அந்த வேலைக்குக் கொஞ்சம் பொய் வேண்டும். ஆனால் இதை என்னிடம் சொன்னபோது பக்கத்தில் ஒரு வாளியை வைத்துக்கொண்டுதான் சொன்னாள். ஊர்ப் பெயரை மட்டும் விட்டுவிடுகிறேன். திநெஸ்தர் ஆற்றங்கரையில் அந்த ஊரில் இன்னும் ஏழெட்டு வீடுகளில் ஆட்கள் குடியிருக்கிறார்கள்.

வியோரிகாவுக்கு எதைத் தொட்டாலும் அருவருப்பு. எங்கள் பக்கம் விருந்தென்றால் ஒரே கோப்பையில் ஒயினை ஊற்றி எல்லோரும் வரிசையாகக் குடிப்போம். இவள் மட்டும் கைப்பையிலிருந்து சொந்தக் கோப்பையை எடுப்பாள், சொந்தக் கரண்டியை எடுப்பாள். பள்ளிக்கூடத்தில் டீச்சராக இருந்த காலத்தில், மூக்கைத் துடைத்த கையால் பிள்ளைகள் நோட்டை நீட்டினால் ஓரத்தை இரண்டு விரலால் பிடித்து வாங்குவாள். பிள்ளைகள் எல்லாம் அப்பா அம்மாவோடு வெளிநாடு போய்விட, பள்ளிக்கூடத்தை மூடிவிட்டார்கள். எங்கள் பெண்களில் பாதிப் பேருக்கு அப்புறம் ஒரே வழிதான். இத்தாலிக்குப் போய், படுக்கையில் கிடக்கும் கிழவர்களைக் கழுவித் துடைத்துப் பராமரிப்பது.

"பட்டினி கிடந்து சாவேனே தவிர, ஊரான் பீயை அள்ளப் போகமாட்டேன்," என்பாள் வியோரிகா.

சுற்றுலா நிறுவனம் நடத்தும் தொய்னா மேடம் அவளுக்கு ஒரு சோதனைக் குழுவைக் கொடுத்தாள். டென்மார்க்கிலிருந்து நாலு பேர், மூன்று நாள் பயணம்.

"இது நல்லபடியா முடிஞ்சா கோடை முழுக்க எல்லாக் குழுவும் உனக்குத்தான். சொதப்புனேன்னா, இத்தாலி பஸ்ஸுக்கு நானே வந்து கைகாட்டி அனுப்பி வைக்கிறேன்," என்றாள்.

முதல் நாள் குகை மடம். இரண்டாம் நாள் கோட்டை. இரண்டும் ஒழுங்காகப் போயின. மூன்றாம் நாள் மதியம், கிராமத்து வீட்டில் பொமானா. இறந்தவர் பெயரைச் சொல்லி உயிரோடிருப்பவர்களுக்குச் சாப்பாடும் ஒயினும் வட்ட ரொட்டியும் கொடுப்பதுதான் பொமானா. ரொட்டியின் மேல் ஒரு மெழுகுவர்த்தி எரிய வேண்டும். இங்கே கொடுப்பது அங்கே போய்ச் சேரும். சாகும்போது கையில் மெழுகுவர்த்தி பிடிக்காமல் போனவர்கள் அங்கே இருட்டில் தடவிக்கொண்டே அலைவார்கள் என்பது எங்கள் நம்பிக்கை. அவர்களுக்கு வெளிச்சத்தையும் இப்படித்தான் அனுப்ப வேண்டும். இதைத்தான் தொய்னா மேடம் 'மறக்க முடியாத அனுபவம்' என்று போட்டு வெள்ளைக்காரர்களுக்கு விற்றுக்கொண்டிருந்தாள். மெழுகுவர்த்தி காற்றில் அணைந்து போட்டோ கெடுகிறது என்று பேட்டரி மெழுகுவர்த்தி வேறு. பிளாஸ்டிக், சீனச் சரக்கு. பேட்டரியை முன்னாலேயே போட்டால் தீர்ந்துவிடும் என்று அதைத் தனிப் பாக்கெட்டில் கொடுத்தனுப்பினாள், அவ்வளவு கஞ்சத்தனம்.

வேன் டிரைவர் சிம்யோன் மெழுகுவர்த்தியைக் கையில் வாங்கிப் புரட்டிப் பார்த்துச் சிரித்தார்.

"ஏன் டீச்சர், செத்தவங்களுக்குச் சீனா விளக்கா? பேட்டரி தீந்தா பாவம் அங்க எந்தக் கடைக்கு ஓடுவாங்க?"

"சும்மா இருங்க அண்ணே. எனக்கே கூசுது."

வழக்கமாகப் போகும் வீட்டுக்காரர்கள் போன வாரம்தான் போலந்துக்குக் கிளம்பியிருந்தார்கள். வியோரிகா அலைந்து திரிந்து அந்த ஊரில் ஹரிதோன் என்பவரைப் பிடித்தாள். அவரிடம் பக்கத்து வீட்டுச் சாவி இருந்தது. வீட்டுக்காரி மகளோடு இத்தாலியில் இருக்கிறாளாம். சாப்பாட்டைச் சொரோகா கேண்டீனில் சொல்லியாயிற்று. கோழிக்கறி, பாலாடைக்கட்டி அடை, இனிப்பு ரொட்டி. வேன் ஆற்றோரத்துச் சேற்றுப்பாதையைச் சுற்றிக்கொண்டு சாப்பாட்டோடு வரும். வியோரிகா நாலு பேரையும் குன்றிலிருந்து திராட்சைத் தோட்டம் வழியாக நடத்திக் கூட்டிவருவாள்.

நடக்கும்போதே மழை பிடித்துக்கொண்டது. மே மாத மழை. பட்டப்பகலில் சாயங்காலம் போல இருட்டியது.

நீலச் சுவர் வீடு. கதவு திறந்திருந்தது. ஹரிதோன் திறந்து வைத்துவிட்டுப் போயிருக்கிறார் என்று வியோரிகா நினைத்தாள். உள்ளே மேசை தயாராக இருந்தது. கறுப்புத் தலைத்துணி கட்டிய ஒரு பெண் தட்டுகளை அடுக்கிக்கொண்டிருந்தாள். ஐம்பது வயது இருக்கும். ஹரிதோன் ஆள் போட்டிருக்கிறார், பரவாயில்லையே என்று வியோரிகாவுக்கு நிம்மதி.

"சாப்பாடு வந்துடுச்சா அக்கா?"

"எல்லாம் இருக்கு. உக்காருங்க," என்றாள் அந்தப் பெண்.

வாசலில் ஒரு பூனை நின்றிருந்தது. கொட்டும் மழையில் நனைந்துகொண்டே நின்றது. உள்ளே மட்டும் வரவில்லை.

மேசையில் கோழிக்கறி இல்லை. அடையும் இல்லை. முட்டைக்கோஸ் இலையில் அரிசியும் கறியும் வைத்துச் சுருட்டிய உருண்டைகள் இருந்தன. பன்றிக்காலை வேகவைத்து உறையவிட்ட கறி ஜெல்லி ஒரு பெரிய சட்டி நிறைய இருந்தது, தொட்டால் ஆடியது. வட்ட ரொட்டி. மண்சாடியில் ஒயின். கேண்டீன்காரன் மாற்றிக் கொடுத்துவிட்டான் போல. வியோரிகாவுக்கு எரிச்சல். வந்தவர்கள் முன்னால் காட்டிக்கொள்ள முடியுமா? சிரித்து வைத்தாள்.

ஆனால் ஒரு வாடை அடித்தது. அழுகல் வாடை இல்லை. திராட்சைச் சாறு புளிக்கிற வாடை. அக்டோபரில் எங்கள் ஊர் முழுக்க அந்த வாடைதான். இது மே மாதம்.

அப்புறம் அந்தப் பெண்ணின் விரல்கள். நகக்கண் வரைக்கும் ஊதா. உதடும் ஊதா. பாவாடை விளிம்பு ஈரமாக இருந்தது, நடக்கும் இடமெல்லாம் தரையில் சிவப்பாகச் சொட்டியது. அந்தக் கையால்தான் ஜெல்லியை வெட்டினாள். கட்டை விரல் ஜெல்லிக்குள் இறங்கியதை வியோரிகா பார்த்தாள்.

டென்மார்க்காரர்களில் மூத்தவர் ஹென்ரிக். தாடிக்காரர். அவர் கரண்டியைத் தூக்கிக்கொண்டு காத்திருந்தார்.

"நீங்க சாப்பிடலையா? நீங்க சாப்பிட்டாத்தான் எங்களுக்குத் தைரியம்!" என்றார். மற்ற மூவரும் சிரித்தார்கள்.

கைப்பையில் சொந்தக் கரண்டி இருந்தது. எடுக்கலாமா என்று நினைத்தாள். எடுத்தால் என்ன எழுதுவார்கள் தொய்னாவுக்கு? 'எங்கள் வழிகாட்டியே அந்த வீட்டுக் கரண்டியைத் தொடவில்லை' என்று எழுதமாட்டார்களா? அப்புறம் இத்தாலி பஸ்தான். கண்ணை மூடிக்கொண்டு அந்த வீட்டுக் கரண்டியாலேயே ஒரு வாய் ஜெல்லியை அள்ளிப் போட்டாள்.

சில்லென்று இருந்தது. மண் வாடை. நாக்கில் ஏதோ பஞ்சு போல ஒட்டியது. பல்லில் நறநறவென்று ஏதோ கடிபட்டது. மென்றால் வெளியே வந்துவிடும் என்று அப்படியே விழுங்கினாள்.

மற்றவர்கள் விழுந்து விழுந்து சாப்பிட்டார்கள். ஹென்ரிக் விரலை நக்கினார். தாடியில் ஜெல்லி ஒட்டிக்கொண்டு ஆடியது. "அசல் கிராமத்து ருசி!" என்று இரண்டாம் முறை வாங்கினார். அவர் மனைவி அந்தப் பெண்ணின் ஊதாக் கையைத் தனியாகப் போட்டோ எடுத்தாள். இதையெல்லாம் காட்டிக் காசு வாங்கும் தன்மேலேயே வியோரிகாவுக்கு அருவருப்பாக இருந்தது.

ரொட்டி மேல் ஒரு மெழுகுவர்த்தி குத்தியிருந்தது. நிஜ மெழுகு. யாரும் ஏற்றவில்லை.

"நான் ஏத்துறேன்," என்று ஹென்ரிக் லைட்டரைத் தட்டினார். எரிந்தது.

அந்தப் பெண் கிட்டே வந்து குனிந்தாள்.

சுடர் அணைந்தது.

மறுபடி தட்டினார். எரிந்தது... அணைந்தது. காற்றே இல்லை. அவள் ஊதவும் இல்லை. அவள் பக்கத்தில் கொண்டுபோனாலே சுடர் சுருங்கி, நீலமாகி, செத்தது.

அப்போதுதான் வியோரிகா கவனித்தாள். வந்ததிலிருந்து அந்தப் பெண்ணின் நெஞ்சு ஏறி இறங்கவே இல்லை.

"எனக்கு எரியாது," என்றாள் அந்தப் பெண். "வேற மெழுகுவர்த்தி கொண்டாந்திருக்கியா கண்ணு?"

வியோரிகா கைப்பையிலிருந்து அந்தப் பிளாஸ்டிக் மெழுகுவர்த்தியை வெளியே எடுத்தாள். சுவிட்சைத் தட்டினாள்.

எரிந்தது.

"இது அணையாதா?"

"அ... அணையாது அக்கா."

"குடு."

"யார் பேர்ல கொடுக்கணும்?" வழக்கமாகக் கேட்கிற கேள்விதான். பழக்க தோஷத்தில் வாயில் வந்துவிட்டது.

"அக்சீனியா பேர்ல."

"அக்சீனியா பேர்ல," என்றாள் வியோரிகா.

"கடவுள் ஏத்துக்கட்டும்," என்றாள் அந்தப் பெண்.

இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டாள். விரல் வியோரிகாவின் விரலில் பட்டது. ஈரம். தோல் வழுக்கிக்கொண்டு கூடவே வந்தது போல...

வியோரிகா கையை வெடுக்கென்று இழுத்துக்கொண்டாள்.

வெளியே வேன் ஹாரன் அடித்தது.

வியோரிகா வாசலுக்கு ஓடினாள். சிம்யோன் வேனிலிருந்து இறங்கினார். முழங்கால் வரை சேறு. கையில் துணியால் கட்டிய பாத்திரங்கள்.

"மன்னிச்சுக்குங்க டீச்சர். வண்டி சேத்துல மாட்டிக்கிச்சு. ஹரிதோன்தான் வந்து தள்ளிவிட்டாரு. கோழி ஆறிப்போச்சு, சூடு பண்ணிக்கலாம்."

பின்னாலேயே ஹரிதோன் வந்தார். தொப்பியிலிருந்து தண்ணீர் சொட்டியது.

"மழையில நிக்க வெச்சுட்டேனே அம்மா," என்றார். கையில் சாவி. "இருங்க, பூட்டைத் திறந்து விடுறேன்."

வியோரிகாவுக்குப் பின்னால் நாலு பேரும் வாயைத் துடைத்துக்கொண்டே வீட்டிலிருந்து வெளியே வந்தார்கள்.

ஹரிதோன் சாவியைப் பார்த்தார். கதவைப் பார்த்தார்.

"வீட்டுக்காரம்மா பேரு என்ன?" என்று கேட்டாள் வியோரிகா.

"அக்சீனியா. ஏன்?"

சிம்யோனும் அவரும் உள்ளே போய்ப் பார்த்தார்கள். எச்சில் தட்டுகள் இருந்தன. சட்டியும் சாடியும் இல்லை. அவளும் இல்லை. சமையலறைத் தரையில், நிலவறைக்கு இறங்கும் பலகைக் கதவு மூடியிருந்தது. அதைச் சுற்றிச் சிவப்பு ஈரம். ஹரிதோன் அதைத் திறக்க மாட்டேன் என்று ஒரேயடியாக மறுத்துவிட்டார்.

வியோரிகா வீட்டுக்குப் பின்னால் போய்த் தொண்டையில் விரலை விட்டுப் பார்த்தாள். வரவில்லை. எவ்வளவு விட்டும் வரவில்லை. உள்ளே போனது உள்ளேயே இருந்தது.

ஹரிதோனுக்கு மனது கேட்கவில்லை. இத்தாலியில் இருக்கும் மகளைத் தேடிப்பிடித்துப் பேசினார். "அம்மா இங்க வரவே இல்லையே! கோபத்துல போன் எடுக்கலைன்னுல்ல நெனச்சேன்," என்று மகள் அலறியிருக்கிறாள். அடுத்த வாரம் போலீஸை வைத்துக்கொண்டு பலகையைத் திறந்தார்கள். வியோரிகாவும் போயிருந்தாள். கீழே இறங்கியது சிம்யோன். அவர் சொன்னதைத்தான் சொல்கிறேன்.

திராட்சைச் சாறு புளிக்கும் மாதத்தில் நிலவறையில் நச்சுக்காற்று தேங்கும். அதனால் கையில் மெழுகுவர்த்தியோடுதான் இறங்குவோம். சுடர் அணைந்தால் அப்படியே திரும்பி ஓடிவந்துவிட வேண்டும். அதற்கு முந்தின அக்டோபரில் அக்சீனியா செத்துப்போன புருஷனுக்குப் பொமானா கொடுக்க எல்லாவற்றையும் சமைத்துக் குளிர்ச்சிக்காகக் கீழே இறக்கி வைத்திருக்கிறாள். கடைசியாக ஒயின் எடுக்க இறங்கியிருக்கிறாள். ஒரு நிமிட வேலைதானே என்று மெழுகுவர்த்தி எடுத்துப்போகவில்லை. சாடியோடு பீப்பாய் அடியில் விழுந்தவள் விழுந்தவள்தான். மகளிடம் போகிறேன் என்று சொல்லிக்கொண்டிருந்ததால், போய்விட்டாள் என்று ஊரே நினைத்துக்கொண்டது.

அலமாரியில் முட்டைக்கோஸ் உருண்டைகள் கறுத்துப் பிசுபிசுத்துக் கிடந்தன. ஜெல்லிச் சட்டியின் மேல் பூனை ரோமம் போல ஒரு விரல் உயரம் பூசணம். அந்தப் பூசணத்தில் ஒரு பக்கம் மட்டும் சுத்தமாக வெட்டி எடுக்கப்பட்டிருந்தது. வெட்டு புதிது.

"நீங்க கீழ வராதீங்க டீச்சர்," என்று சிம்யோன் உள்ளிருந்து கத்தினார். "அந்தச் சீனா விளக்கு... அது அந்தம்மா கையில இருக்கு. எரிஞ்சுக்கிட்டிருக்கு."

வியோரிகா இதைத் தொய்னா மேடத்திடம் போனில் சொன்னாள். அவளோ சந்தோஷமான குரலில் சொன்னாளாம்:

"அந்த டென்மார்க்காரங்க இதைவிட நல்ல சாப்பாடே சாப்பிட்டதில்லைன்னு எழுதியிருக்காங்க வியோரிகா! கோடை முழுக்க உனக்குத்தான். அந்த வீட்டையே பேசி முடி. பேய் வீட்டுப் பொமானான்னு போடுவோம். நிலவறையையும் காட்டு."

வியோரிகா போனை வைத்துவிட்டு வாளியைத் தேடினாள். அன்றுதான் எல்லாம் வெளியே வந்தது. அந்த வாரமே இத்தாலி பஸ் ஏறினாள். வழியனுப்ப நான்தான் போனேன்.

இப்போது அங்கே ஒரு கிழவரைக் கழுவித் துடைத்துப் பார்த்துக்கொள்கிறாள். போனில் பேசும்போது கேட்டேன், அருவருப்பாக இல்லையா என்று.

"இது கை கழுவினா போயிடுது," என்றாள்.

போன மாதம் மறுபடி கூப்பிட்டாள். குரல் சரியில்லை. பழைய கைப்பையைத் துவைக்கலாம் என்று கவிழ்த்தாளாம். உள்பக்கத்துச் சின்னப் பையிலிருந்து தொய்னா கொடுத்த பேட்டரி பாக்கெட் விழுந்தது.

பிரிக்கவே இல்லை.