மதியச் சங்கும் கவிழ்ந்த குடமும்

எழுதலாமா வேண்டாமா என்று பல வருடம் தயங்கியவள், நேற்று பூசையறையைக் கழுவிவிட்டபோது ஈரச் சிமென்ட் தரையிலிருந்து எழுந்த வாசத்தில், முருகன் விட்ட வழி என்று உட்கார்ந்துவிட்டேன்.

இலங்கைச் சண்டைக்குத் தப்பி வந்து, அப்பா கான்ட்ராக்ட் வேலை பார்க்க, நெய்வேலி ஓரத்தில் நாங்கள் குடியிருந்த வீட்டு வரிசையைச் சுரங்கம் எப்போதோ விழுங்கிவிட்டது. பழுப்பு நிலக்கரிப் புகையும் கொதிக்கும் உலையுமாக இருக்கும் அங்கே, ஷிப்ட் முடிகிற மதியச் சங்கு ஊதினால் பிள்ளைகள் எல்லாம் அப்பா வருகிறார் என்று வாசலுக்கு ஓடுவார்கள். எனக்கோ அது குண்டு போட வரும் விமானத்தின் இரைச்சலாகவே கேட்கும், எங்கள் வீட்டுக் கட்டிலுக்கடியில் புகுந்து பாவாடையை நனைத்துவிடுவேன், அத்தனை பெரிய பெண்ணான பிறகும்.

ஒருநாள் பக்கத்து வீட்டு மும்தாஜ் அக்கா வீட்டில் பிள்ளைகள் எல்லோரும் விளையாடிக்கொண்டிருந்தபோது சங்கு ஊதிவிட்டது. நான் ஒளிந்த கட்டிலின் அடியிலிருந்து ஈரம் வழிந்து வெளியே வந்தது.

"அய்யய்ய, இவ என்னாடி..." என்று ஒருத்தி சிரிக்க ஆரம்பிப்பதற்குள், அக்கா இடுப்பிலிருந்த தண்ணீர்க் குடத்தை அப்படியே தரையில் கவிழ்த்தார்.

"யா அல்லா, கை நழுவிடுச்சே! பாத்துகினே நிக்கிறீங்களேடி, போயி துணி எடுத்தாங்க!"

குழாயில் தண்ணீர் வராத கோடை அது.

வெட்கத்தில் அக்காவின் முகத்தைக்கூட நான் நிமிர்ந்து பார்க்கவில்லை. இன்றும் குக்கர் விசிலடித்தால் கையை முந்தானைக்குள் மறைத்துக்கொள்கிறேன்.

இதை யாருக்காவது சொல்வதானால், தயவுசெய்து என்னைத் தைரியசாலியாக்கிவிடாதீர்கள். நான் நனைத்ததையும் அக்கா கவிழ்த்ததையும் நடந்தபடியே சொல்லுங்கள்.