தாளிக்காத ஊறுகாய்

ஜெர்மனியில் கடுகு ட்யூபில் வருகிறது. பல் தேய்க்கிற பேஸ்ட் மாதிரி மஞ்சளாகப் பிதுக்கி, இறைச்சிக்குத் தொட்டுக்கொள்கிறார்கள். வந்த புதிதில் சூப்பர் மார்க்கெட்டில் ஒரு பெண்மணியிடம் ‘ஸென்ஃப்’ வேண்டும் என்றேன். கடுகுக்கு இங்கே அதுதான் பெயர். ட்யூபை எடுத்து நீட்டினாள். அது இல்லை, குட்டி குட்டியாக இருக்கும், எண்ணெயில் போட்டால் வெடிக்கும் என்று விரல்களை மூடித் திறந்து நடித்துக் காட்டினேன். முகமெல்லாம் மலர்ந்து, என்னைக் கூட்டிக்கொண்டு போய் சோளப்பொரி அலமாரி முன்னால் நிறுத்தினாள். ஊரில் இருக்கிற உங்களுக்குச் சிரிப்பாக இருக்கும். எனக்கு அன்றைக்கு அழுகைதான் வந்தது.

கடைசியில் யாழ்ப்பாணத்துக்காரர் ஒருவரின் கடையில் கடுகு கிடைத்தது. பாட்டிலில் அடைத்த மாங்காய் ஊறுகாயும் கிடைத்தது. அதை அப்படியே சாப்பிட எனக்கு வராது. வீட்டுக்குக் கொண்டுவந்து மறுபடி தாளித்தாக வேண்டும். இந்தக் கிறுக்கு என் அப்பாவிடமிருந்து ஒட்டிக்கொண்டது.

ஊரப்பாக்கத்தில் எங்கள் வீட்டில் ஊறுகாய் போட யாருக்கும் நேரம் இருந்ததில்லை. அப்பாவுக்கு மறைமலை நகரில் கார் உதிரிபாகம் செய்யும் கம்பெனியில் ஷிப்ட் வேலை. அம்மாவுக்குத் தாம்பரத்தில் ஒரு துணிக்கடையில் வேலை. சாயங்காலம் ரயிலேறும் முன் மார்க்கெட்டில் ஊறுகாய் வாங்கி வருவாள். அப்பா மூடியைத் திறந்து, தொட்டு நக்கிப் பார்த்து, “இன்னா ஊறுகா இது? சோகை புடிச்சா மாரி கீது” என்பார். வேறு எதற்கும் சமையலறைப் பக்கம் எட்டிப் பார்க்காத மனிதர், நல்லெண்ணெயைக் காயவைத்துக் கடுகு போடுவார். அது வெடித்து அடங்கியதும் வெந்தயம், கிள்ளிய மிளகாய், கொஞ்சம் தாராளமாகவே பெருங்காயம். சூட்டோடு ஊற்றினால் மிளகாய்த்தூள் கருகிவிடும் என்று ஆறும்வரை கரண்டியும் கையுமாக நிற்பார். நிற்கிற நேரம் பூராவும் அம்மாவைக் கேலி செய்வார். “வாங்கினது உங்கம்மா. ஊறுகாயா ஆக்கினது நானு.”

அந்தச் சனிக்கிழமை எனக்கு எட்டாம் மாதம் நடந்துகொண்டிருந்தது. விமானம் ஏறக் கூடாது என்று டாக்டர் சொல்லியிருந்தார். சில நாட்களாக எப்போது போன் செய்தாலும் அப்பா கிடைக்கவில்லை. அம்மாவும் தம்பியும் நைட் ஷிப்ட் என்பார்கள், தூங்குகிறார் என்பார்கள், இப்போதுதான் கடைக்குப் போனார் என்பார்கள். என்னோடு பேச அவருக்கு என்ன கேடு என்று கோபமாக இருந்தது. ஊறுகாய்க்காக எண்ணெயை அடுப்பில் வைத்துவிட்டு, போனைத் தோளில் இடுக்கிக்கொண்டு அம்மாவைக் கூப்பிட்டேன்.

“இன்னிக்கு என்னம்மா சமையல்?”

“ரசந்தான். அதுவும் தாளிக்காத ரசம், வாய்க்கே வெளங்கல…”

சொன்ன வேகத்தில் அம்மா நிறுத்திக்கொண்டாள்.

எங்கள் பக்கம் சாவு விழுந்த வீட்டில் கருமாதி முடிகிறவரை தாளிக்க மாட்டார்கள். சோறு வேகலாம், ரசம் கொதிக்கலாம். எண்ணெயில் கடுகு வெடிக்கிற சத்தம் மட்டும் கேட்கக் கூடாது.

“ஏம்மா தாளிக்கல?”

“எண்ணெ தீந்துபோச்சுடி” என்று அவசரமாகச் சொன்னாள்.

“அம்மா, அப்பாகிட்ட போனைக் குடு.”

அம்மா உடைந்துவிட்டாள். “தூக்கத்துலயே போய்ட்டாருடி. மாசமா இருக்கிற பொண்ணுகிட்ட எப்டிச் சொல்றது? பிரசவம் ஆவட்டும்னு மாப்பிள்ளையும் சொன்னாரு.”

என் கணவருக்கும் தெரிந்திருக்கிறது. தினமும் என் எதிரில் உட்கார்ந்து, நான் தாளித்த குழம்பை ஊற்றிச் சாப்பிட்டிருக்கிறார். வாணலி புகைந்து, கூரையில் இருந்த அலாரம் கத்த ஆரம்பித்தது.

“என்னடி சத்தம்? அடுப்புல என்ன வெச்சிருக்கே?”

“ஊறுகாய்க்குத் தாளிக்கலாம்னு…”

“நீ தாளிச்சுச் சாப்புடுடி கண்ணு. உனக்குத் தீட்டு கெடயாது. நீ இப்ப அந்த வூட்டுப் பொண்ணு.”

ஆறுதலுக்குத்தான் சொன்னாள். முறைப்படியும் அது சரிதான். ஆனால் அப்பா போய்விட்டார் என்று கேட்டபோது வராத அழுகை அப்போதுதான் வந்தது. எந்த வீடு அந்த வீடு? ட்யூபில் கடுகு விற்கிற ஊரில், வாடகைக்கு இருக்கிற இந்த இரண்டு அறையா?

அடுப்பை அணைத்தேன். எண்ணெயைக் கொட்டினேன். அன்றிலிருந்து நான் தாளிக்கவில்லை. பாட்டில் ஊறுகாயை அப்படியே தட்டில் வைத்தேன். கணவர் தலையைக் குனிந்துகொண்டு சாப்பிட்டார். அவரிடம் சண்டை போடக்கூட எனக்குத் தெம்பில்லை.

கருமாதியன்று தம்பி போன் செய்தான். பின்னால் உறவுக்காரர்களின் பேச்சும் பாத்திரச் சத்தமும் கேட்டன. “எல்லாம் முடிஞ்சுதுக்கா. அத்தை தாளிக்கப் போறாங்க. நீயும் இனிமே நல்லா சாப்புடு” என்றான். போனை அடுப்புப் பக்கம் கொண்டுபோகச் சொன்னேன். எதற்கு என்று கேட்காமல் கொண்டுபோனான்.

ஊரப்பாக்கத்தில் கடுகு வெடித்தது. அங்கே துக்கம் முடிந்துவிட்டது. எனக்கு அப்பா இறந்து மூன்று நாள்தான் ஆகியிருந்தது.