பகல்காரர்கள் விட்டுப்போன குறிகள்

நம்பினால் நம்புங்கள், நம்பாவிட்டால் விடுங்கள். இது என் கண்ணெதிரே நடந்தது. வருஷம் 1930, ஹாலிவுட்.

பேசும் படம் வந்த புதிது. ஒரே கதையைப் பகலில் ஆங்கிலத்தில் எடுப்பார்கள். இரவில் அதே செட்டில் மெக்சிகோவிலிருந்து வந்த எங்கள் ஆட்களை வைத்து ஸ்பானிஷில் எடுப்பார்கள். பகல் நாயகி கால் வைத்த இடமெல்லாம் தரையில் சாக்பீஸால் பாதம் வரைந்திருக்கும். இரவு நாயகி அந்தக் குறிகளில்தான் நடக்க வேண்டும். ஒரு விரல்கடை தள்ளி நின்றாலும் திட்டு விழும்.

எங்கள் நாயகி அம்பாரோ லிஸாரகா. மசத்லான் ஊரில் கூடார நாடகத்தில் ஆடத் தொடங்கி, ஊமைப் படங்களில் அழுது அழுதே மெக்சிகோ முழுக்கப் பெயர் வாங்கியவள். இங்கே அவள் வெறும் நகல். நான் ஒர்தென்சியா. அவள் உயரம் இருந்ததால், விளக்கு சரிபார்க்கும்போது அவளுக்குப் பதிலாக நிற்பது என் வேலை.

அன்று எங்கள் டைரக்டர் பல்தசார் காபியை உறிஞ்சிக்கொண்டே எல்லோர் முன்னாலும் அம்பாரோவிடம் சொன்னார்.

"இதோ பாரும்மா, உன்னை யார் நடிக்கச் சொன்னா? குறியில காலை வை, போதும். ரெண்டு தடவை ஷாட்டைக் கெடுத்தாச்சு. இன்னொரு தடவை கெடுத்தா காலையில ரயில்தான். கூடாரத்துலயே போய்க் கூத்தாடு."

எல்லோரும் சிரித்தார்கள். பாவி மனிதர்கள். அம்பாரோ என் காதோரம் சொன்னாள்: "திரும்பிப் போனா ஊரே கை கொட்டிச் சிரிக்கும்டி. அதுக்குச் செத்தே போகலாம்."

அன்றைய காட்சியில் நாயகி படியேறி, மேலே இருக்கும் கதவைத் திறக்க வேண்டும். விளக்குக்காக முதலில் நான்தான் ஏறினேன். குறிகளைப் பார்த்ததும் ஏதோ சரியில்லை என்று தோன்றியது. பகல் நாயகி எப்போதும் குதிகால் செருப்பில்தான் வருவாள். இங்கே வரைந்திருந்தது வெறுங்கால். ஐந்து விரலும் தெரிந்தன. தொட்டுப் பார்த்தேன். ஈரம்.

அதோடு, குறிகள் கதவுக்கு அடியில் புகுந்து அந்தப் பக்கம் போயிருந்தன.

"சார், கதவைத் தாண்டிப் போகுது."

"அப்போ அவளும் தாண்டிப் போகட்டும். பின்னாடி நிக்கறதுக்குப் பலகை போட்டிருப்பாங்க."

யாரும் போய்ப் பார்க்கவில்லை.

மணி 2.10. விளக்குகள் எரிந்தன.

அம்பாரோ ஏறினாள். டக்... டக்... டக்...

ஒரு குறிகூடத் தப்பவில்லை. கதவைத் திறந்தாள். இருட்டுக்குள் போனாள். கதவு தானாகச் சாத்திக்கொண்டது.

டக்... டக்... டக்...

அந்தப் பக்கமும் காலடி கேட்டது. பலகை இருக்கிறது. மூச்சு விட்டேன்.

சத்தம் நின்றது.

பிறகு...

சப்... சப்... சப்...

வெறுங்கால். கதவை நோக்கித் திரும்பி வந்தது.

கதவருகே நின்றது.

பின்பக்கம் ஓடினேன்.

பலகையே இல்லை.

கீழே சிமெண்ட் தரையில் கிடந்தாள். கண் திறந்திருந்தது. செருப்பு இரண்டும் காலிலேயே இருந்தன.

பல்தசார் வந்து எட்டிப் பார்த்தார். "ஷாட் பதிவாச்சில்ல?" என்று காமிராக்காரனைக் கேட்டார். பிறகு என் பக்கம் திரும்பினார். "அந்தக் கவுனைக் கழட்டி நீ போட்டுக்கோ. மீதி ஷாட்ல முதுகு மட்டும்தான் தெரியும். விடியறதுக்குள்ள முடிச்சிடலாம்."

போட்டுக்கொண்டேன். அதில் இன்னும் அவள் உடம்புச் சூடு இருந்தது. அழுதுகொண்டே படியேறினேன். இப்போது குறிகள் கதவுக்கு முன்னாலேயே முடிந்திருந்தன.

பல மாதம் கழித்து எலிசேயோவைப் பார்த்தேன். பகல் ஆட்களிடம் தச்சு வேலை செய்த எங்கள் ஊர்க்காரன். அந்தக் குறிகளை வரைந்தது யார் என்று கேட்டேன்.

"யாரும் வரையல அக்கா. காலையில வந்து பூட்டைத் திறந்தப்பவே இருந்துச்சு. நான்தான் ஈரத் துணியால துடைச்சேன். துடைக்கத் துடைக்கத் திரும்ப வந்துச்சு. அந்த வெள்ளைக்கார ஹீரோயின் அம்மா படியில காலே வைக்க மாட்டேன்னுட்டாங்க. அன்னைக்குப் பகல்ல அங்க ஷூட்டிங்கே நடக்கல."

"எங்ககிட்ட ஒரு வார்த்தை சொல்லக் கூடாதாடா?"

எலிசேயோ தலையைக் குனிந்துகொண்டான்.

"சொல்லட்டுமான்னு எங்க பகல் டைரக்டரைக் கேட்டேன் அக்கா. வேண்டாம்னுட்டார். 'முதல்ல ராத்திரி ஆளுங்க நடக்கட்டும். என்ன ஆகுதுன்னு பார்த்துட்டு நாம எடுக்கலாம்'னு சொன்னார்."