சாரங்கன் ஐயாவுக்கு வசனம் சொன்ன நாட்கள்

சீரியலில் பிராம்ப்டிங் சொல்வது என்பது, அடுத்தவர் அழ வேண்டிய அழுகையை அவருக்கு முன்னால் உணர்ச்சியே இல்லாமல் வாசித்துக் காட்டுகிற தொழில். கேமராவுக்குப் பக்கத்தில் பேப்பரோடு நின்று நாம் ஒரு வரி சொன்னால், நடிப்பவர் அதைத் திருப்பிச் சொல்வார். தப்பானால் திட்டு நமக்கு. இன்னொருவர் வாய்க்காகத் தொண்டை காய்ந்த அனுபவம் உங்களுக்கும் இருந்தால், வாருங்கள், நாம் ஒரே கட்சி.

எறும்புக் குரல்

பூந்தமல்லி தாண்டி, செம்பரம்பாக்கம் போகிற வழியில் ஒரு பங்களாவில் ஷூட்டிங். முதல் நாளே என் குரல் யாருக்கும் எட்டவில்லை. தாத்தா பாட்டி கதை சொல்ல மூச்சு விடாமல் கேட்டு வளர்ந்தவன் நான். கேட்டுத்தான் பழக்கம், கத்திப் பழக்கமில்லை.

தாத்தா வேடக்காரர் சாரங்கன் ஐயா மட்டும் என்னைக் கூப்பிடவே இல்லை. எண்பத்தாறு வயது. பேப்பரை ஒருமுறை படித்துவிட்டுத் திருப்பிக் கொடுத்துவிடுவார். மற்றவர்களுக்கு நான் சொல்லத் தொடங்கியதும் ஏணி மேலிருந்த லைட்மேன் குரல் கொடுத்தார்: "இன்னா நைனா, எறும்பு காதுல ரகசியம் சொல்லிகினு கீற? வாயத் தொறந்தா கொசு பூந்துடுமா?"

சொந்தக் கோட்டு

ஐயாவுக்கும் எனக்கும் வீடு முகப்பேர் பக்கம். வேலை முடிந்து ஷேர் ஆட்டோவில் ஒன்றாக வருவோம். அப்போதுதான் சொல்வார். கறுப்பு வெள்ளைக் காலத்தில், சொந்தமாகக் கோட்டு தைத்து வைத்திருந்த துணை நடிகர் அவர். அதனால் டாக்டர், வக்கீல், நீதிபதி எல்லாம் அவருக்கே வந்தது. ஆபரேஷன் அறைக் கதவைத் திறப்பார், மூக்குக் கண்ணாடியைக் கழற்றுவார், இல்லையென்று தலையை ஆட்டுவார். அவ்வளவுதான். கோட்டு நைந்து தலை நரைத்தபோது டிவி வந்தது. வார நாடகங்களில் முதலில் அப்பா, பிறகு தாத்தா. டைட்டிலில் பெயர் வருமா என்று கேட்டேன். "'மற்றும் பலர்'னு போடுவாங்களே, அதுல முக்கால்வாசி நான்தான்" என்றார்.

ஒருநாள் திருவேற்காட்டில் பூக்கூடையோடு ஏறிய ஓர் அம்மா அவரை உற்று உற்றுப் பார்த்தார். கடைசியில் கேட்டேவிட்டார்: "அந்தக் காலத்து டாக்டருதானே நீ? ஒரு தபாவாச்சும் ஒருத்தரையாச்சும் பொழைக்க வச்சு கீறியா?"

காசிப் பயணம்

உயில் வாசிக்கும் காட்சி. ஐயா நாலாவது வரியில் நின்றுவிட்டார். மறுபடி எடுத்தார்கள், மறுபடி அதே வரி. ஏழு டேக். டைரக்டர் அவரை ஒன்றும் சொல்லவில்லை. ஓரமாகப் போய், கதை எழுதுகிறவரிடம் போனில், "பெரியவரை அடுத்த வாரம் காசிக்கு அனுப்பிடலாம் சார்" என்றார். சீரியலில் காசிக்குப் போனவர் யாரும் திரும்பி வந்ததில்லை.

அது ஐயா காதிலும் விழுந்துவிட்டது. ஜெனரேட்டர் வண்டிக்குப் பின்னால் என்னை அழைத்துப் போனார். பத்து வயதில் நாடகக் கம்பெனியில் ஏறிய மேடை. வேலையில்லாமல் வீட்டில் உட்கார்ந்ததே இல்லையாம். "எனக்கும் எடுத்துக் கொடுங்க தம்பி. ஆனா ஒருத்தருக்கும் தெரியக் கூடாது. மத்தவங்களுக்கு அது பிராம்ப்டிங். என் வயசுக்கு அது மறதி."

சோபாவுக்குப் பின்னால்

ஐயாவின் ஷாட் என்றதும், ஒயர் பிடிக்கிற சாக்கில் உயர்ந்த சோபாவுக்குப் பின்னால் குந்திக்கொண்டேன். நான் கிசுகிசுப்பேன். ஐயா விட்டத்தைப் பார்ப்பார், பெருமூச்சு விடுவார், பிறகு பேசுவார். அன்றே டைரக்டர் நெகிழ்ந்து போனார்: "பாத்தீங்களா அந்த இடைவெளிய! அந்தக் காலத்து ஆளுன்னா சும்மாவா? காசியெல்லாம் வேணாம்யா."

ஹெட்போன் அண்ணன்

பத்து நாள் நிம்மதியாக ஓடியது. மற்றவர்களுக்கு டப்பிங் குரல். ஐயாவுக்கு மட்டும் சொந்தக் குரல். சட்டைக்குள் சின்ன மைக் குத்தி அங்கேயே பதிவு செய்வார்கள். அந்த மைக்கை நாங்கள் இருவருமே மறந்து தொலைத்திருந்தோம்.

டீ நேரத்தில் சவுண்ட்மேன் ஏழுமலை அண்ணன், ஆவடிக்காரர், ஹெட்போனைக் கழுத்தில் இறக்கிவிட்டு என் தோளில் கை போட்டார். "பத்து நாளா உன் வாய்ஸும் என் காதுலதான் கீது மாமே. டைரக்டராண்ட சொல்லல. ஊட்டுக்குப் போய் ஒன்னொன்னா வெட்டிகினு கீறேன். அவரு ஆரம்பிக்கறதுக்கு முந்தி நீ முடிச்சுடு, ஒட்டிகினா வெட்ட முடியல."

சீரியல் முடியும்வரை, அந்த ஒரே ஒரு தாத்தாவாக நாங்கள் மூன்று பேர் நடித்தோம்.