நிறுத்தத் தெரிந்த ஆட்டம்

ஆடத் தெரியாதவளுக்குத்தான் கூடம் கோணல். எனக்கு நன்றாகவே ஆட வரும். நிறுத்தத்தான் வராமல் இருந்தது.

மாரியம்மன் பண்டிகையில் மேளம் ஓய்ந்த பிறகும் ஆடிக்கொண்டே இருந்தேன். தூங்கிப் பல நாள் ஆகியிருந்தது, பசியும் இல்லை. அம்மன் இறங்கிவிட்டாள் என்று ஊரே காலில் விழுந்தது. குறி கேட்டார்கள். நானும் வாய்க்கு வந்ததைச் சொன்னேன். அடுத்த மாதம் பாயை விட்டு எழ முடியாமல் கிடந்தபோது ஒருவரும் குறி கேட்க வரவில்லை. அம்மாதான் கோயமுத்தூருக்குக் கூட்டிப்போனாள். பைபோலார் என்றார் டாக்டர். மனசு ஒரேயடியாக ஏறும், ஒரேயடியாக இறங்கும், மாத்திரையை விடக்கூடாது.

மாத்திரை கேட்டது. தூக்கம் வந்தது, கூடவே கை நடுக்கமும் வந்தது. கம்பெனியில் ஓவர்லாக் தையல் மிஷினில் துணி பிடிக்கச் சிரமமாகி, தைத்ததைச் சரிபார்க்கும் செக்கிங்குக்கு மாறிக்கொண்டேன். "மேளச் சத்தம் கேட்டா ஊட்டுக்குள்ள வந்துரு கண்ணு" என்றாள் அம்மா. ஆட்டம்தான் வியாதி என்று முடிவு கட்டியிருந்தாள். எனக்குப் பொத்துக்கொண்டு வந்தது கோபம். டாக்டரிடமே கேட்டேன். "தாராளமா ஆடுங்க. மாத்திரையும் தூக்கமும் தவறக்கூடாது" என்றார்.

வீரபாண்டியில் எங்கள் பனியன் கம்பெனியில் ஆயுத பூசைக்குப் பொரி கடலையோடு ஆட்டம் பாட்டமும் உண்டு. பேர் கொடுத்தேன். என் வியாதியையே ஆடிக் காட்டுவது என் திட்டம். முதலில் தலைகால் தெரியாத வேகம். பிறகு தரையில் அசையாமல் கிடப்பது. கடைசியில் எழுந்து, நடுங்கும் கையை மறைக்காமல் நீட்டி, நிதானமாக ஆடுவது. அம்மாவை முன்வரிசையில் உட்காரவைத்தேன். மறுபடி எனக்கு ஏறிவிடுமோ என்று பயந்துகொண்டே உட்கார்ந்தாள்.

வேகம் உச்சத்தில் இருக்கும்போது அயர்ன் செக்‌ஷன் அக்கா திருநீற்றுத் தட்டோடு மேடையேறிவிட்டார். "சாமி, என்ற பையனுக்கு எப்பங்க கல்யாணம் ஆகும்?" பின்னாலேயே நாலைந்து பேர் கும்பிட்டுக்கொண்டு வந்தார்கள். அம்மா வெளிறிப்போய் எழுந்துவிட்டாள். இப்போது நிற்காவிட்டால் ஆயுசுக்கும் எனக்கு ஆட்டமில்லை.

நின்றேன். பாட்டு ஓடிக்கொண்டிருந்தது, கால் நின்றுவிட்டது. மூச்சு வாங்க மைக்கைப் பிடித்தேன்.

"சாமி வரலீங்க அக்கா. நாந்தானுங்க ஆடறேன். எனக்கு பைபோலாருங்க, மாத்திரை சாப்பிடறேன். ஆட்டம் இன்னும் முடியலீங்க, இருந்து பாத்துட்டுப் போங்க."

அவர்கள் தட்டோடு மேடையின் முன்பக்கமே நின்றார்கள். எனக்கோ சந்தோஷம் தாங்கவில்லை; நிறுத்திவிட்டேன் அல்லவா. அடுத்ததை ஆடத் தரையில் படுத்தேன்.

முன்வரிசையிலிருந்து அம்மா சத்தம் போட்டாள்: "அதான் சொல்லிட்டாளில்லீங்க? தள்ளி நில்லுங்க, எனக்கு மறைக்குது!"