அக்காவுக்கு மட்டும் கிடைத்த மண்

“ஒனக்கு மண்ணப் பத்தி என்னடி தெரியும்?” என்று அக்கா கேட்டபோது எனக்குப் பத்து வயது. தெரியாதுதான். தெரிந்துகொள்ள யார் விட்டார்கள்?

அம்மா வீட்டு வேலைக்கு வெளிநாடு போன வருஷம் அது. கந்தப்பளைக்கு மேலே, தேயிலைத் தோட்டத்து வரிசை வீடுகளில் ஒன்று எங்கள் லயம். அப்பா துரையின் பங்களாவில் தோட்டவேலை செய்தார். அங்கே ரூபாப் என்று ஒரு செடி இருந்தது. இலை யானைக்காது மாதிரி இருக்கும், வாயில் வைத்தால் விஷம். சிவந்த தண்டை மட்டும் வெட்டி, சீனி போட்டு அவித்துச் சாப்பிடுவார்கள். மாங்காய் தோற்றுவிடும் புளிப்பு. நுவரெலியா ஹோட்டல்களில் அதற்கு நல்ல கிராக்கி. பங்களாவில் பழைய கிழங்கைப் பிரித்து நடும்போது எங்களுக்கும் இரண்டு துண்டு தருவதாகச் சொல்லியிருந்தார்கள். அதற்குள் லயத்துக்குப் பின்னால் புல் மண்டிக் கிடந்த துண்டு நிலத்தைப் பண்படுத்த வேண்டும்.

அப்பா அக்காவைத்தான் சேர்த்துக்கொண்டார்.

அக்கா அப்போது பள்ளிக்கூடம் போவதில்லை. சோறு ஆக்குவாள், துணி துவைப்பாள். மத்தியானம் அப்பா வேலை விட்டு வந்ததும் இருவரும் பின்னால் போய்விடுவார்கள். நான் பள்ளிவிட்டு மலையேறி மூச்சு வாங்க வரும்போது, சட்டையைச் சேற்றில் போட்டுப் புரட்டியவள் போல அக்கா குழிக்குள் நிற்பாள். அவளிடம் முள்ளு இருந்தது, தேயிலை மலையில் மண் குத்துகிற நீளப் பல் முள்ளு. அதை நான் தொட்டால்கூட அப்பா, “கால்ல குத்திக்குவ, போய் படி” என்பார். சனிக்கிழமையாவது நிற்கலாம் என்றால் ஐந்தாம் வகுப்புப் புலமைப்பரிசில் பரீட்சைக்கான வகுப்பு. ஞாயிற்றுக்கிழமை அந்த வகுப்பின் வீட்டுப்பாடம்.

புல்லை மேலோடு செதுக்கினால் போதாதாம். முழங்கால் ஆழம் தோண்டி, வேர்த்துண்டு ஒன்றுவிடாமல் பொறுக்கி, மக்கிய சாணியும் தேயிலைச் செடியைக் கவ்வாத்து வெட்டிய மலையிலிருந்து சுமந்து வந்த மக்கிய இலையும் கலக்க வேண்டும். தண்ணீர் தேங்காமல் பாத்தியை உயர்த்தி, சில நாள் ஆறவும் விட வேண்டும். இதெல்லாம் எனக்கு ஜன்னல் வழியாகத் தெரிந்தது. அக்கா ஒரு பிடி மண்ணை உருட்டி, விரலால் தட்டி உதிர்ப்பாள். அப்பா குனிந்து பார்ப்பார்.

“புட்டு மாவு மாதிரி இருக்கு கண்ணு. ஒன் கை பட்டா போதும்.”

நான் வகுப்பில் முதலாவதாக வந்து, தவணை அறிக்கையைத் தூக்கிக்கொண்டு ஓடிய அன்றும் அவர் அந்தக் குழியில்தான் நின்றார். “அங்கிட்டு வையி, கையில மண்ணு” என்றார். அந்த மண்ணின் மேல் எனக்கு வந்த கோபத்தில் ஒரு மாச மழை ஒரே நாளில் கொட்ட வேண்டும் என்று வேண்டிக்கொண்டேன். மழை வந்தது. அக்கா பாத்தியைச் சுற்றி வெட்டிய வடிகானில் தண்ணீர் அழகாக வழிந்து போயிற்று.

கிழங்கு வந்த மறுநாள் காலையிலேயே நட்டாக வேண்டும், காய்ந்துவிடக் கூடாது. அப்பா வேலைக்குப் போகவில்லை. இரண்டு துண்டில் ஒன்றையாவது என் கையால் வைத்துவிடுவது என்று தீர்மானித்து, வெள்ளைச் சீருடையோடு வயிற்றைப் பிடித்துக்கொண்டு வாசல் இஸ்தோப்புத் திண்ணையில் சுருண்டு படுத்தேன்.

அப்பா இளகிவிட்டார். “ஒரு நாளுதானே, கெடக்கட்டும்.”

அக்கா குழியிலிருந்து ஏறி வந்தாள். “வயித்து வலியா? நேத்து ராத்திரி மூணு ரொட்டி தின்னப்ப வலிக்கலயா?”

“எனக்கும் நடணும். நானும் மண்ணு வேல செய்வேன்.”

அப்போதுதான் அவள் அதைக் கேட்டாள், எனக்கு மண்ணைப் பற்றி என்ன தெரியும் என்று. பதிலுக்குக் காத்திருக்கவில்லை. என் கையைப் பிடித்துத் தூக்கி, தரதரவென்று இழுத்துக்கொண்டு இறங்கினாள். பாதை முழுக்க அழுதேன். “நீ மட்டும் வீட்டுல இருக்கலாம், நான் இருக்கக் கூடாதா?” என்று கத்தினேன். அவள் நடையை எட்டிப் போட்டாள். பிடியும் இறுகியது.

பள்ளி வாசலில் என்னை உள்ளே தள்ளிவிட்டாள். என் வெள்ளைச் சட்டைக் கையில் அவளுடைய ஐந்து விரலும் கறுப்பாகப் பதிந்திருந்தன. வகுப்பில் போய் உட்கார்ந்து திரும்பிப் பார்த்தேன். அக்கா வாசலிலேயே நின்றாள். மணி அடித்தது. தேவாரம் முடிந்தது. அப்போதும் கம்பியைப் பிடித்தபடி உள்ளே பார்த்துக்கொண்டு நின்றாள். அங்கே கிழங்கு காய்ந்துகொண்டிருக்கும், அப்பா காத்திருப்பார்.

நான் தப்பி ஓடிவிடாமல் காவல் நிற்கிறாள் என்றே நினைத்தேன். கிழங்கு இரண்டையும் தானே நட்டுக்கொள்ள இவ்வளவு பாடா என்று பல்லைக் கடித்தேன். எட்டாம் வகுப்பு எங்கள் வகுப்புக்கு அடுத்த கட்டடத்தில்தான் இருந்தது. போன தவணை வரை அவள் உட்கார்ந்திருந்த வாங்குப் பலகை வாசலிலிருந்து தெரியும். அது அப்போது எனக்குத் தோன்றவேயில்லை.

எங்கள் குடும்பத்தில் உயர்தரப் பரீட்சை தாண்டிய முதல் ஆள் நான். இன்று அதே பள்ளியில் டீச்சர். அதைச் சொல்லிக்கொள்ள எனக்கு வெட்கமில்லை. அக்காவின் ரூபாப் பாத்தி இப்போது லயத்தின் நீளத்துக்கு ஓடுகிறது. கிழங்கை மறுபடி பிரித்து நட வேண்டிய காலம். புது மண் பண்படுத்த நான் இரண்டு நாள் லீவு எடுத்து வந்திருக்கிறேன். அக்கா பதினோராம் வகுப்புச் சாதாரணதரப் பரீட்சைக்குத் தனியாகப் படிக்கிறாள். இஸ்தோப்பில் என் பழைய கணக்குப் புத்தகத்தை வைத்திருக்கிறாள், ஆனால் கண் குழியில் இருக்கிறது. கணக்கை என்னைவிட வேகமாகப் போடுகிறாள். அதுவும் எனக்குக் கொஞ்சம் எரிகிறது.

“ஆழம் பத்தாதுடி. நான் வந்து காட்டவா?”

“போய் படி” என்றேன்.

முள்ளு என் கையில். முதல் குழி முழங்கால் ஆழம் வந்துவிட்டது.